குழந்தைக்கான ஜீவனாம்ச உத்தரவு: அப்பீல் போகலாமா, எங்கே, எதற்கு?

குடும்ப நல நீதிமன்றம் "குழந்தைக்கு மாதம் 8,000 ரூபாய்" என்று உத்தரவிட்ட அன்றைக்கே இரண்டு தரப்பிலும் ஒரே கேள்வி எழும்: அப்பீல் போகலாமா? கொடுக்க வேண்டியவருக்குத் தொகை அதிகமாகப் படுகிறது. குழந்தையை வளர்ப்பவருக்கோ அது பள்ளிக் கட்டணத்துக்கே பத்தவில்லை.

இந்தியச் சட்டம் இதற்குச் சொல்லும் பதில் பலரையும் திகைக்க வைக்கும். குழந்தை ஜீவனாம்ச உத்தரவுகளில் பெரும்பகுதிக்கு அப்பீலே கிடையாது. அதனால் எந்தக் கதவும் திறக்காது என்று நினைத்துவிட வேண்டாம். கீழ் நீதிமன்ற உத்தரவில் சட்டப்பிழை இருக்கிறதா என்று மேல் நீதிமன்றம் பார்க்கும் சீராய்வு என்று ஒரு வழி இருக்கிறது, உத்தரவை மாற்றக் கேட்கும் மனு என்று இன்னொன்று இருக்கிறது, வராத நாளில் போட்ட உத்தரவை ரத்து செய்யக் கேட்கும் மனு மூன்றாவது. எல்லாவற்றையும் பேச்சுவழக்கில் "அப்பீல்" என்றே சொல்வதால்தான் தவறான வழியில் போய், மாதங்களை வீணாக்கி, நிலுவையை ஏற்றிக்கொள்கிறார்கள்.

முதலில், உத்தரவு எந்தச் சட்டத்தில் பிறந்தது?

குழந்தைக்கான பராமரிப்புத் தொகையைக் கேட்க இந்தியாவில் பல சட்டங்கள் இடம் தருகின்றன. அதிகம் பயன்படுபவை நான்கு.

1. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125வது பிரிவு. 2024 ஜூலை 1 முதல் இதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதா, சுருக்கமாக பி.என்.எஸ்.எஸ்., 144வது பிரிவு வந்திருக்கிறது. இது எல்லா மதத்தினருக்கும் பொது. முஸ்லிம் குழந்தைகளுக்கும் 125வது பிரிவில் உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1997-லேயே தெளிவாக்கிவிட்டது. திருமணத்துக்கு வெளியே பிறந்த குழந்தையும் இதில் கேட்கலாம்.
2. இந்து திருமணச் சட்டம், 1955. விவாகரத்து போன்ற வழக்கு நடக்கும்போதும் முடியும்போதும் 26வது பிரிவின் கீழ் குழந்தையின் பராமரிப்பு, படிப்பு குறித்து உத்தரவிடலாம்.
3. இந்து தத்தெடுப்பு மற்றும் பராமரிப்புச் சட்டம், 1956. இதன் 20வது பிரிவு. திருமணமாகாத, தன்னைத் தானே பராமரித்துக்கொள்ள முடியாத மகளுக்கு 18 வயதுக்குப் பிறகும் இதில் உரிமை தொடர்கிறது என்று 2020 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பழைய 125வது பிரிவில் அந்த வசதி இல்லை.
4. குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம், 2005. 20வது பிரிவின் கீழ் குழந்தைகளுக்கும் பண நிவாரணம் கேட்கலாம்.

இடையில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். "144-ல் வழக்கு" என்று கேட்டதும் ஊரடங்கு, கூட்டம் கூடத் தடை என்று பயப்படுகிறவர்கள் உண்டு. அது பழைய சட்டத்தின் 144. புதிய சட்டத்தில் அந்தத் தடை உத்தரவு 163வது பிரிவுக்குப் போய்விட்டது. இப்போதைய 144 ஜீவனாம்சம்தான்.

உத்தரவின் முதல் பக்கத்தில் இருக்கும் விடை

கையில் இருக்கும் உத்தரவு நகலின் மேல்பகுதியைப் பாருங்கள். நீதிமன்றத்தின் பெயருக்குக் கீழே வழக்கு எண் இருக்கும். தமிழ்நாட்டில் அந்த எண்ணுக்கு முன்னால் வரும் எழுத்துகளே பாதி விடையைச் சொல்லிவிடும்.

"எம்.சி." என்றிருந்தால் அது 125 அல்லது 144வது பிரிவின் கீழான ஜீவனாம்ச வழக்கு. "ஓ.பி." அல்லது "எச்.எம்.ஓ.பி." என்றிருந்தால் திருமணச் சட்டம் போன்ற உரிமையியல் வழக்கு. அந்த எண்ணோடு "ஐ.ஏ." என்று இன்னொரு எண் ஒட்டிக்கொண்டிருந்தால், மூல வழக்கு முடிவதற்குள் போட்ட இடைக்கால மனுவின் உத்தரவு. மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் குடும்ப வன்முறைச் சட்டம் 12வது பிரிவு என்று குறிப்பிட்டிருந்தால் நான்காவது வகை.

எழுத்துகள் புரியவில்லையென்றால், "இன்ன சட்டத்தின் இன்ன பிரிவின் கீழ் தாக்கல் செய்யப்பட்ட மனு" என்று அதே பக்கத்தில் ஒரு வரி இருக்கும். தொகையைப் படிக்குமுன் படிக்க வேண்டிய வரி அதுதான்.

குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 19வது பிரிவு என்ன சொல்கிறது?

குடும்ப நீதிமன்றங்கள் 1984-ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவானவை. அவற்றின் உத்தரவுகளை எதிர்த்து எங்கே போவது என்பதை அந்தச் சட்டத்தின் 19வது பிரிவு தீர்மானிக்கிறது. அதன் உட்பிரிவுகளைச் சுருக்கினால்:

1. குடும்ப நீதிமன்றத்தின் இறுதித் தீர்ப்பு அல்லது உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்யலாம். நடந்தது என்ன என்பதையும் வாதிடலாம், சட்டத்தையும் வாதிடலாம்.
2. இரு தரப்பும் சம்மதித்துப் போட்ட உத்தரவுக்கு மேல்முறையீடு இல்லை. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் ஒன்பதாவது அத்தியாயத்தின் கீழ், அதாவது 125 முதல் 128 வரையிலான பிரிவுகளின் கீழ் போட்ட உத்தரவுக்கும் இல்லை.
3. மேல்முறையீட்டுக்கு 30 நாள் கெடு.
4. ஆனால் அந்த ஒன்பதாவது அத்தியாய உத்தரவு சரியானதா, சட்டப்படியானதா, முறையானதா என்று பார்க்க, உயர் நீதிமன்றம் வழக்கின் ஆவணங்களை வரவழைக்கலாம். இடைக்கால உத்தரவுக்கு இது பொருந்தாது.

இரண்டாவதும் நான்காவதும்தான் நமக்கு முக்கியம். எம்.சி. வழக்கில் மேல்முறையீடு என்ற கதவு மூடியிருக்கிறது. சீராய்வு என்ற சின்னக் கதவு திறந்திருக்கிறது. சீராய்வுக்கான அந்த உட்பிரிவு 1991-ல் திருத்தம் செய்தபோது சேர்க்கப்பட்டது. சென்னை உயர் நீதிமன்றத்திலும் மதுரைக் கிளையிலும் இது "கிரிமினல் ஆர்.சி." என்ற எண்ணில் பதிவாகும். பெயரில் கிரிமினல் இருப்பதைப் பார்த்து யாரையும் குற்றவாளி ஆக்கிவிட்டதாக நினைக்க வேண்டியதில்லை. உரிமை குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் எழுதப்பட்டிருக்கிறது, அவ்வளவுதான்.

வழி எது என்பதை ஒரே பார்வையில் இப்படி வைக்கலாம்:

1. குடும்ப நல நீதிமன்றத்தின் எம்.சி. உத்தரவு: உயர் நீதிமன்றத்தில் சீராய்வு.
2. மாஜிஸ்திரேட் போட்ட எம்.சி. உத்தரவு: செஷன்ஸ் நீதிமன்றத்திலோ உயர் நீதிமன்றத்திலோ சீராய்வு. ஓரிடத்தில் போட்டால் அதே நபர் மற்ற இடத்தில் மறுபடியும் சீராய்வு போட முடியாது. எனவே இடத்தை யோசித்துத் தேர்ந்தெடுக்க வேண்டும்.
3. குடும்ப நல நீதிமன்றத்தின் ஓ.பி. வழக்கில் இறுதி உத்தரவு: உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. இரண்டு நீதிபதிகள் அமர்வு விசாரிக்கும்.
4. குடும்ப வன்முறைச் சட்ட உத்தரவு: 29வது பிரிவின்படி செஷன்ஸ் நீதிமன்றத்தில் மேல்முறையீடு, 30 நாளுக்குள்.

மேல்முறையீட்டுக்கும் சீராய்வுக்கும் என்ன வித்தியாசம்?

மேல்முறையீட்டில் மேல் நீதிமன்றம் சாட்சியங்களைப் புதிதாக எடைபோடலாம். "அவருடைய வருமானம் 40,000 என்று கீழ் நீதிமன்றம் நம்பியது, எங்களுக்கு அது 30,000 என்று தோன்றுகிறது" என்று சொல்லலாம். சீராய்வில் அந்தச் சுதந்திரம் இல்லை. கீழ் நீதிமன்றம் சட்டத்தை மீறியதா, ஆதாரமே இல்லாமல் முடிவெடுத்ததா, கோப்பில் இருந்த முக்கிய ஆவணத்தைக் கண்டுகொள்ளாமல் விட்டதா, தன் அதிகாரத்தைத் தாண்டியதா என்பதே கேள்வி. வேறு நீதிபதியாக இருந்தால் வேறு தொகை போட்டிருப்பார் என்பது ஒரு காரணமே ஆகாது.

2015 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தீர்த்த ஒரு வழக்கில் இதைத் துல்லியமாகப் பார்க்கலாம். அது மனைவிக்கான ஜீவனாம்ச வழக்கு, ஆனால் பிரிவு அதே 125. லக்னோ குடும்ப நீதிமன்றம் மாதம் 4,000 ரூபாய் என்றது. கணவர் ராணுவத்திலிருந்து ஓய்வு பெற்றுவிட்டார் என்று உயர் நீதிமன்றம் அதைச் சரிபாதியாக 2,000 ஆக்கியது. உச்ச நீதிமன்றம் 4,000-ஐ மீண்டும் நிலைநிறுத்தியது. குடும்ப நீதிமன்றத்தின் முடிவில் சட்டப்பிழையோ பெரிய முறைகேடோ இல்லாதபோது, ஓய்வு பெற்றார் என்ற ஒன்றுக்காகச் சீராய்வில் தொகையைப் பாதியாக வெட்டக் கூடாது என்பது அதன் சாரம்.

இதிலிருந்து நடைமுறைக்கு ஒன்று பிறக்கிறது. எம்.சி. வழக்கில் உண்மையான போர்க்களம் குடும்ப நல நீதிமன்றம்தான். அங்கே சம்பளச் சீட்டைக் கொடுக்காமல், குறுக்கு விசாரணை செய்யாமல், வாய்தா மேல் வாய்தா வாங்கிவிட்டு "ஹைகோர்ட்டில் பார்த்துக்கொள்ளலாம்" என்றிருப்பவர் அங்கே போய்ப் பார்க்க எதுவும் மிச்சம் வைத்திருக்க மாட்டார்.

இடைக்கால உத்தரவு என்றால் சிக்கல் கூடும்

வழக்கு முடியும்வரை குழந்தை பட்டினி கிடக்க முடியாது என்பதால் இடைக்கால ஜீவனாம்சம் என்ற ஏற்பாடு இருக்கிறது. 125வது பிரிவில் இது 2001 திருத்தத்தில் வந்தது. அதே திருத்தம்தான் மாதம் 500 ரூபாய் என்ற பழைய உச்சவரம்பையும் நீக்கியது. நோட்டீஸ் சேர்ந்த நாளிலிருந்து கூடியவரை 60 நாளுக்குள் இடைக்கால மனுவை முடிக்க வேண்டும் என்பதும் அதில் உண்டு. கோர்ட் வராந்தாவில் நின்றவர்களுக்கு அந்த 60 நாள் சட்டப் புத்தகத்தில் மட்டும் இருப்பது தெரியும்.

இந்த இடைக்கால உத்தரவை எதிர்த்துச் சீராய்வு போடலாமா? இதில் உயர் நீதிமன்றங்களுக்குள்ளேயே கருத்து வேறுபாடு உண்டு. இடைக்கால உத்தரவுக்குச் சீராய்வு இல்லை என்று சட்டம் சொல்வதால் முடியாது என்பது ஒரு கட்சி. மாதாமாதம் பணம் கட்டச் சொல்லி உரிமையைப் பாதிப்பதால் இது வெறும் இடைக்கால உத்தரவு அல்ல, இரண்டுக்கும் நடுவில் நிற்பது, எனவே முடியும் என்பது இன்னொரு கட்சி. சீராய்வு வழி அடைபடும் இடங்களில் பி.என்.எஸ்.எஸ். 528வது பிரிவு சொல்லும் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரத்தையோ, கீழ் நீதிமன்றங்களை உயர் நீதிமன்றம் மேற்பார்வையிட இடம் தரும் அரசியலமைப்பின் 227வது பிரிவையோ நாடுகிறார்கள். ஓ.பி. வழக்கின் ஐ.ஏ. உத்தரவுகள் பெரும்பாலும் 227 வழியாகவே போகின்றன. எந்த வழியாகப் போனாலும், இடைக்காலத் தொகையில் மேல் நீதிமன்றம் கைவைப்பது அரிது.

காலக்கெடு

வழக்குகளுக்குக் கெடு விதிக்கும் லிமிடேஷன் சட்டம் சீராய்வுக்கு 90 நாள் தருகிறது. குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் கீழான மேல்முறையீட்டுக்கு 30 நாள். இந்து திருமணச் சட்டத்தில் 90 நாள் என்று 2003-ல் திருத்தியிருப்பதால் இரண்டில் எது என்று வாதங்கள் நடந்திருக்கின்றன. 30 என்று வைத்துக்கொள்பவருக்குத் தொல்லை இல்லை. சான்றிட்ட நகல் தயாராக எடுக்கும் நாள்கள் கணக்கில் கழிக்கப்படும். ஆனால் நகலுக்கு மனுப் போட்ட பிறகுதான் அந்தக் கழிவு ஓடும். உத்தரவு வந்த மறுநாளே நகல் மனு போடச் சொல்வது இதனால்தான். கெடு தாண்டினால் தாமதத்தை மன்னிக்கக் கேட்கலாம். தாமதமான ஒவ்வொரு கட்டத்துக்கும் காரணம் காட்ட வேண்டிவரும்.

நீங்கள் வராத நாளில் போட்ட உத்தரவா?

நோட்டீஸ் வந்தும் போகாமல் இருந்தால், நீதிமன்றம் ஒரு தரப்பை மட்டும் கேட்டு உத்தரவிடும். இதற்கு உயர் நீதிமன்றம் ஓட வேண்டியதில்லை. அதே நீதிமன்றத்தில், உத்தரவுத் தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள், தக்க காரணம் காட்டி ரத்து செய்யக் கேட்கலாம். பழைய சட்டத்தில் 126, புதியதில் 145. எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை கட்டச் சொல்லியும், நிலுவையில் ஒரு பங்கைக் கட்டச் சொல்லியும் நிபந்தனை போடலாம். "நோட்டீஸ் வேறு முகவரிக்குப் போனது" என்பது காரணம். "வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று இருந்தேன்" என்பது பலவீனமான காரணம்.

உத்தரவு தப்பா, நிலைமை மாறிவிட்டதா?

இந்தக் கேள்வியைத்தான் பலரும் கேட்டுக்கொள்வதில்லை. உத்தரவு போட்ட அன்றைக்கே அது தவறானது என்றால் சீராய்வு அல்லது மேல்முறையீடு. அன்றைக்குச் சரியாக இருந்து, பிறகு வாழ்க்கை மாறியிருந்தால் போக வேண்டியது அதே குடும்ப நல நீதிமன்றத்துக்கு, மாற்றக் கேட்கும் மனுவோடு. பழைய 127வது பிரிவு, இப்போது 146.

இரு பக்கத்துக்கும் இது உண்டு. எல்.கே.ஜி. படிக்கும்போது போட்ட 3,000 ரூபாய் ஒன்பதாம் வகுப்பில் எதற்கும் காணாது என்று தாய் உயர்த்தக் கேட்கலாம். வேலை உண்மையிலேயே போய்விட்டது, பெரிய நோய் வந்துவிட்டது என்று தந்தை குறைக்கக் கேட்கலாம். வேலையைத் தானே விட்டுவிட்டு வந்து நிற்பவரை நீதிமன்றம் வேறு கண்ணால்தான் பார்க்கும். உடல் வலு உள்ளவர் உழைத்தாவது குழந்தையைக் காக்க வேண்டும் என்பது உச்ச நீதிமன்றம் திரும்பத் திரும்பச் சொல்லிவரும் நிலை, 2022-லும் சொன்னது.

மேலே போனால் பணம் கட்டுவது நின்றுவிடுமா?

நிற்காது. சீராய்வு தாக்கல் செய்த ரசீது தடை உத்தரவு ஆகாது. தடை வேண்டும் என்று தனியாகக் கேட்க வேண்டும். கேட்டாலும், நிலுவையில் ஒரு பகுதியை முதலில் கட்டு, மாதத் தொகையைத் தொடர்ந்து கொடு என்ற நிபந்தனையோடுதான் பெரும்பாலும் கிடைக்கும்.

நிலுவை எப்படி மலைபோல் ஆகிறது என்பதை ஒரு கற்பனைக் கணக்கில் பார்ப்போம். 2023 மார்ச்சில் மனு. 2025 ஜூனில் உத்தரவு: மனுத் தேதியிலிருந்து மாதம் 8,000. மார்ச் தொடங்கி 2025 மே வரை 27 மாதம், 2,16,000 ரூபாய். நடுவில் 2024 ஜனவரி முதல் இடைக்காலமாக மாதம் 3,000 வீதம் 17 மாதம் கட்டியிருந்தால் 51,000 கழியும். மீதி 1,65,000. "மாதம் எட்டாயிரம்தானே" என்று நினைத்து நகலை வாங்கியவர் அதிர்வது இந்த வரியில்தான்.

மனுத் தேதியிலிருந்தே தொகை கணக்காக வேண்டும் என்பதை நீதிபதிகள் இந்து மல்ஹோத்ராவும் சுபாஷ் ரெட்டியும் 2020 நவம்பர் 4 அன்று வழங்கிய தீர்ப்பு நாடு முழுவதற்கும் பொதுவாக்கியது. அதற்கு முன் ஒவ்வொரு நீதிமன்றமும் ஒவ்வொரு தேதியை எடுத்துக்கொண்டிருந்தது.

கட்டாமல் இருந்தால், ஒவ்வொரு மாத நிலுவைக்கும் ஒரு மாதம் வரையோ, அதற்குள் பணம் கட்டினால் அதுவரையோ சிறையில் வைக்கச் சட்டம் இடம் தருகிறது. சிறைக்குப் போய்வந்தால் கடன் தீர்ந்தது என்ற நம்பிக்கையும் புழங்குகிறது. அது தப்பு: சிறை, பணத்தை வரவைக்கும் ஒரு வழியே ஒழிய பணத்துக்கு ஈடல்ல என்று 1989-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வாங்க வேண்டியவர் பக்கத்திலும் ஒரு கெடு இருக்கிறது: தொகை சேர வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் வாரண்ட் கேட்டு மனுப் போட வேண்டும். மேலே சீராய்வு நடக்கிறதே என்று காத்திருக்கக் கூடாது.

எடுபடும் வாதங்கள், எடுபடாத வாதங்கள்

ஒரு சம்பளச் சீட்டை எடுத்துக்கொள்வோம். மொத்தச் சம்பளம் 52,000. கட்டாய பி.எஃப். 4,000, சொசைட்டி கடன் 12,000, வீட்டுக் கடன் தவணை 14,000, தானாக விரும்பிப் போடும் பி.எஃப். 3,000. கையில் வருவது 19,000. "19,000-ல் எட்டாயிரம் கொடுத்தால் நான் எப்படி வாழ்வது?" என்று கேட்டால் பரிதாபமாகத்தான் இருக்கும். ஆனால் நீதிமன்றம் பொதுவாகக் கட்டாயப் பிடித்தங்களை மட்டுமே கழிக்கும். அதன் கண்ணுக்கு இந்தச் சம்பளம் 48,000. வீடும் சேமிப்பும் அவருடைய சொத்தாகத்தான் வளர்கின்றன, அவை குழந்தையின் பங்கைத் தின்று வளரக் கூடாது என்பது அதன் தர்க்கம். எனக்கு அது நியாயமாகவே படுகிறது.

மேல் நீதிமன்றத்தில் காது கொடுத்துக் கேட்கப்படுபவை:

1. வருமானத்துக்கு ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லாமல் தொகை போட்டிருப்பது.
2. இரு தரப்பும் சொத்து, வருமானம், கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தராமலேயே முடிவெடுத்திருப்பது. மேலே சொன்ன 2020 நவம்பர் தீர்ப்பு இதைக் கட்டாயமாக்கியது. பதில் தர அதிகபட்சம் நான்கு வாரம் என்றது.
3. குடும்ப வன்முறை வழக்கில் ஏற்கெனவே கிடைக்கும் தொகையைக் கழிக்காமல் விட்டிருப்பது. முந்தைய உத்தரவை மறைத்தவர் தாயாக இருந்தாலும் அது அவருக்கு எதிராகவே போகும்.
4. உத்தரவில் காரணமே எழுதாமல் எண்ணை மட்டும் எழுதியிருப்பது.

எடுபடாதவை பட்டியல் இன்னும் நீளம். "குழந்தையைப் பார்க்க விடுவதில்லை" என்பது முதலிடம். பார்க்கும் உரிமைக்குத் தனி மனு உண்டு. அதற்காகச் சோற்றை நிறுத்த முடியாது. "விவாகரத்தின்போது எதுவும் வேண்டாம் என்று எழுதிக்கொடுத்தாள்" என்பது அடுத்தது. தாய் தன் உரிமையை விடலாம், குழந்தையின் உரிமை அவர் கையில் இல்லை. "அம்மாவும் சம்பாதிக்கிறாள்" என்பதில் பாதி நியாயம் இருக்கிறது. இருவரும் சம்பாதித்தால் சம்பள விகிதப்படி பங்கிட வேண்டும் என்று 2000-ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் 2:1 என்று பிரித்தது. அது தந்தையின் பங்கைக் குறைக்கலாம், இல்லாமல் ஆக்காது.

அப்புறம், "குழந்தையே என்னுடையதில்லை" என்ற வாதம். திருமணம் நீடிக்கும்போது பிறந்த குழந்தை கணவரின் குழந்தைதான் என்பது சாட்சியச் சட்டத்தின் 112வது பிரிவு, இப்போது பாரதிய சாக்‌ஷ்ய அதினியத்தில் 116. அந்தக் காலத்தில் கணவனும் மனைவியும் சேர வாய்ப்பே இல்லை என்று காட்டினால்தான் இது உடையும். டி.என்.ஏ. சோதனையைக் கேட்டவுடன் நீதிமன்றம் கொடுத்துவிடாது. முதன்முறையாக உயர் நீதிமன்றத்தில் போய் இதைக் கிளப்புபவருக்கு நம்பகத்தன்மையும் சேர்ந்து போகும்.

அதற்கும் மேலே

உயர் நீதிமன்றமும் கைவிரித்தால், அரசியலமைப்பின் 136வது பிரிவின் கீழ் உச்ச நீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு போடலாம். அது உரிமை அல்ல. அனுமதி கிடைத்தால்தான் விசாரணை. மேலே சொன்ன 2020 நவம்பர் தீர்ப்பே அப்படி வந்த ஒன்றுதான். 2013-ல் ஒரு தாயும் கைக்குழந்தையும் இடைக்கால ஜீவனாம்சம் கேட்டார்கள். நாக்பூர் குடும்ப நீதிமன்றம் 2015-ல் தாய்க்கு மாதம் 15,000, மகனுக்கு முதலில் 5,000, பிறகு 10,000 என்றது. தந்தை உயர் நீதிமன்றம் போனார், 2018-ல் தோற்றார். உச்ச நீதிமன்றம் போனார், 2020-ல் தோற்றார். குடும்ப நீதிமன்றம் போட்ட தொகை ஒரு ரூபாய்கூட மாறவில்லை. அந்த ஏழு ஆண்டும் நடந்தது இடைக்கால ஜீவனாம்சத்துக்காக மட்டும்.